அரசுப் பணி விண்ணப்பம் நிராகரிக்கப்பட்டால் நீதிமன்றம் எதைப் பார்க்கும்?

ஹைதராபாத்: நகரின் தென்கிழக்கே உள்ள காஞ்சன்பாக், பாதுகாப்புத் துறையின் ஆய்வகங்களும் ஆலைகளும் அடுத்தடுத்து அமைந்த பகுதி. ஏவுகணைகளை வடிவமைக்கும் டிஆர்டிஎல் ஆய்வகம், உலோகவியல் ஆராய்ச்சிக்கான டிஎம்ஆர்எல் ஆய்வகம், சிறப்பு உலோகக் கலவைகளைத் தயாரிக்கும் மிதானி நிறுவனம், பாரத் டைனமிக்ஸ் நிறுவனத்தின் ஏவுகணை உற்பத்தி ஆலை ஆகியவை இங்கு இயங்குகின்றன. இவற்றில் வேலை பெறுவது தெலங்கானா, ஆந்திரப் பிரதேசம், தமிழ்நாடு உள்ளிட்ட மாநிலங்களைச் சேர்ந்த பொறியியல் மற்றும் ஐடிஐ பட்டதாரிகளின் நெடுநாள் விருப்பமாக உள்ளது.

ஆள்சேர்ப்பு அறிவிக்கை வெளியாகும்போதெல்லாம் பணியிடங்களின் எண்ணிக்கையைவிடப் பல மடங்கு விண்ணப்பங்கள் குவிகின்றன. அவற்றில் ஒரு பகுதி தேர்வுக்கு முன்பே தள்ளப்பட்டுவிடுகிறது. எழுத்துத் தேர்விலும் உடல் தகுதித் தேர்விலும் தேறிய பின்னர், சான்றிதழ் சரிபார்ப்பின்போது வெளியேற்றப்படுவோரும் உண்டு. பெரும்பாலும் விண்ணப்பதாரருக்குக் கிடைப்பது 'தகுதியற்றவர்' என்ற ஒற்றைச் சொல் மட்டுமே. வயது வரம்பின் விளிம்பில் நிற்கும் ஒருவருக்கு அந்த ஒரு சொல், அந்தப் பணிக்கான கடைசி வாய்ப்பையே மூடிவிடக்கூடும்.

இத்தகைய முடிவை எதிர்த்து எங்கு முறையிடலாம், நீதிமன்றம் எதில் தலையிடும், எதில் தலையிடாது என்பதை உச்ச நீதிமன்றத்தின் தீர்ப்புகள் ஏறத்தாழத் தெளிவாக வரையறுத்துள்ளன.

ஒரே சாலை, இரண்டு மன்றங்கள்

டிஆர்டிஎல், டிஎம்ஆர்எல் ஆகியவை மத்திய அரசின் பாதுகாப்பு ஆராய்ச்சி மற்றும் மேம்பாட்டு அமைப்பான டிஆர்டிஓவின் கீழ் வருபவை. இவற்றில் உள்ள சிவிலியன் பணியிடங்களுக்கான ஆள்சேர்ப்புத் தகராறுகள், நிர்வாகத் தீர்ப்பாயங்கள் சட்டம், 1985இன் 14வது பிரிவின்படி மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் வரம்புக்கு உட்பட்டவை. பாதுகாப்புத் துறையுடன் தொடர்புடைய, சிவிலியன்களால் நிரப்பப்படும் பணியிடங்களை அப்பிரிவு வெளிப்படையாகவே குறிப்பிடுகிறது. பணியில் சேர்ந்தவர்களுக்கு மட்டுமின்றி, பணிக்கு விண்ணப்பித்து மறுக்கப்பட்டவர்களுக்கும் அது பொருந்தும். 'ஆள்சேர்ப்பு மற்றும் ஆள்சேர்ப்பு தொடர்பான விவகாரங்கள்' என்பதே சட்டம் பயன்படுத்தும் தொடராகும். ஆகவே ஆய்வகப் பணிக்கு விண்ணப்பித்தவர் முதலில் நேரடியாக உயர் நீதிமன்றத்துக்குச் செல்ல முடியாது.

அதே சாலையில் உள்ள பொதுத்துறை நிறுவனங்களின் நிலை வேறு. மத்திய அரசு தனி அறிவிக்கை மூலம் தீர்ப்பாயத்தின் வரம்புக்குள் கொண்டுவந்தால் மட்டுமே ஒரு பொதுத்துறை நிறுவனத்தின் பணி விவகாரம் அங்கு செல்லும். அவ்வாறு கொண்டுவரப்படாத நிறுவனங்களைப் பொறுத்தவரை, அவை அரசமைப்புச் சட்டத்தின் 12வது பிரிவின்படி 'அரசு' என்ற வரையறைக்குள் வருவதால், 226வது பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு தாக்கல் செய்யலாம். தெலங்கானா மாநில அரசுப் பணிகளுக்கும் தற்போது உயர் நீதிமன்றமே முதல் மன்றம். தமிழ்நாட்டிலும் மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் கலைக்கப்பட்டுவிட்டதால், தமிழ்நாடு அரசுப் பணியாளர் தேர்வாணையத்தின் முடிவை எதிர்ப்போர் சென்னை உயர் நீதிமன்றத்தையோ அதன் மதுரைக் கிளையையோ அணுகுகின்றனர்.

தீர்ப்பாயத்தின் உத்தரவே இறுதியானதல்ல. இந்த நிலைப்பாட்டின் வேர் ஹைதராபாத்தில் உள்ளது. தீர்ப்பாயங்களின் உத்தரவுகளை உயர் நீதிமன்றங்கள் ஆய்வு செய்ய முடியாது என்ற ஏற்பாட்டை, அன்றைய ஆந்திரப் பிரதேச உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு 1993ஆம் ஆண்டில் செல்லாது என அறிவித்தது. பின்னர் எல்.சந்திரகுமார் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஏழு நீதிபதிகள் அமர்வு 1997ஆம் ஆண்டு மார்ச் 18ஆம் தேதி அளித்த தீர்ப்பில், உயர் நீதிமன்றங்களின் நீதிப்புனராய்வு அதிகாரம் அரசமைப்புச் சட்டத்தின் அடிப்படைக் கட்டமைப்பைச் சேர்ந்தது என்று கூறியது. அதன்பின், தீர்ப்பாயத்தில் தோற்பவர் உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வையும், அதற்கடுத்து உச்ச நீதிமன்றத்தையும் நாடலாம் என்ற வரிசை நிலைபெற்றது.

முடிவை அல்ல, முடிவெடுத்த முறையை

நீதிப்புனராய்வு என்பது மேல்முறையீடு அன்று. விண்ணப்பதாரர்களில் பலர் இந்த வேறுபாட்டைக் கவனிக்கத் தவறுகின்றனர். 'நான் தகுதியானவன், என்னைத் தேர்வு செய்ய உத்தரவிடுங்கள்' என்ற கோரிக்கையை நீதிமன்றம் பெரும்பாலும் ஏற்பதில்லை. தேர்வுக் குழுவின் இடத்தில் அமர்ந்து தகுதியை எடைபோடுவது தனது பணி அன்று என்று உச்ச நீதிமன்றம் 1990ஆம் ஆண்டிலேயே தெரிவித்துள்ளது. விதி மீறப்பட்டதா, பாரபட்சம் காட்டப்பட்டதா, பொருத்தமற்ற காரணம் கருத்தில் கொள்ளப்பட்டதா, எவரும் நியாயமாக எடுக்க முடியாத முடிவு எடுக்கப்பட்டதா என்பவையே அங்கு எழும் கேள்விகள். அவற்றுக்கு அடித்தளமாக இருப்பவை சமத்துவத்தை உறுதிசெய்யும் 14வது பிரிவும், அரசுப் பணியில் சம வாய்ப்பை உறுதிசெய்யும் 16வது பிரிவும் ஆகும்.

தேர்வுப் பட்டியலில் பெயர் இடம்பெற்றவருக்குக்கூடப் பணி நியமனம் பெறும் முழு உரிமை கிடையாது என்று சங்கரசன் தாஷ் வழக்கில் 1991ஆம் ஆண்டு ஐந்து நீதிபதிகள் அமர்வு தீர்ப்பளித்தது. ஆனால் அதே தீர்ப்பு, காலியிடங்களை நிரப்பாமல் விடும் முடிவும் தன்னிச்சையானதாக இருக்கக் கூடாது என்றது. விண்ணப்பதாரருக்கு உள்ள உரிமை, விதிகளின்படி நேர்மையாகப் பரிசீலிக்கப்படும் உரிமையே.

கல்வித் தகுதி குறித்த வழக்குகளில் நீதிமன்றங்கள் இன்னும் விலகியே நிற்கின்றன. ஒரு பட்டம் மற்றொன்றுக்கு இணையானதா, பட்டயம் பெற்றவர் ஐடிஐ தகுதி கோரும் பணிக்கு விண்ணப்பிக்கலாமா போன்றவற்றை முடிவு செய்ய வேண்டியது பணியளிப்பவரே என்று ஜம்மு காஷ்மீர், மகாராஷ்டிரா தொடர்பான இரு தீர்ப்புகளில் உச்ச நீதிமன்றம் கூறியுள்ளது. கூடுதல் தகுதி பெற்றிருப்பது எப்போதும் பலமாக அமையும் என்ற எண்ணமும் தவறானது. பஞ்சாப் நேஷனல் வங்கியின் பியூன் பணிக்குப் பட்டதாரிகள் விண்ணப்பிக்கக் கூடாது என்ற நிபந்தனை இருந்தது. தாம் பட்டதாரி என்பதை மறைத்து அப்பணியைப் பெற்றவருக்கு 2020ஆம் ஆண்டில் உச்ச நீதிமன்றம் நிவாரணம் மறுத்தது.

குறைந்தபட்சத் தகுதி உள்ள அனைவரையும் நேர்காணலுக்கு அழைக்க வேண்டும் என்ற கட்டாயமும் இல்லை. விண்ணப்பங்கள் மிகுதியாக இருக்கும்போது, நியாயமான அளவுகோலின்படி எண்ணிக்கையைக் குறைக்கலாம். மத்தியப் பிரதேச தேர்வாணையம் ஐந்து ஆண்டு அனுபவம் கோரிய பணிக்கு, ஏழரை ஆண்டு அனுபவம் உள்ளோரை மட்டும் அழைத்ததை உச்ச நீதிமன்றம் 1994ஆம் ஆண்டில் ஏற்றுக்கொண்டது.

ஒரு எண் பிழையும் ஒரு பென்சில் கோடும்

விண்ணப்பத்தில் ஏற்படும் பிழைகளே இன்று அதிக வழக்குகளைக் கொண்டுவருகின்றன. இணையவழி விண்ணப்பத்தைப் பலர் தாமே நிரப்புவதில்லை. கணினி மையத்தில் அமர்ந்திருப்பவர் தட்டச்சு செய்கிறார். விண்ணப்பதாரர் அருகில் நின்று பார்க்கிறார். பிகார் காவலர் பணிக்கு விண்ணப்பித்த ஒரு கிராமத்து இளைஞரின் வழக்கு இப்படித் தொடங்கியதுதான். பள்ளிச் சான்றிதழில் அவரது பிறந்த தேதி 18.12.1997. விண்ணப்பத்தில் பதிவானது 08.12.1997. எழுத்துத் தேர்விலும் உடல் தகுதித் தேர்விலும் வென்ற பின்னர், இந்தப் பத்து நாள் வேறுபாட்டைக் காரணம் காட்டி அவர் தேறவில்லை என அறிவிக்கப்பட்டார். பாட்னா உயர் நீதிமன்றத்தில் தனி நீதிபதியிடமும், இரு நீதிபதிகள் அமர்விலும் அவர் தோல்வியுற்றார்.

உச்ச நீதிமன்றம் 2024ஆம் ஆண்டு ஜனவரி 2ஆம் தேதி அந்த நிராகரிப்பை ரத்து செய்தது. இரண்டு தேதிகளில் எதை எடுத்துக்கொண்டாலும் அவர் வயது வரம்புக்குள்தான் இருந்தார், பிழையால் அவருக்கு எந்த ஆதாயமும் கிடைக்கவில்லை, தேர்வின் முடிவை அது பாதிக்கவும் இல்லை என்பவை நீதிபதிகள் கருத்தில் கொண்டவை. அற்பமான பிழைக்காக ஒருவரின் வாய்ப்பைப் பறிக்க முடியாது என்று கூறிய அமர்வு, காலியிடம் இல்லாவிட்டாலும் அவரை நியமிக்க வேண்டும் என்று 142வது பிரிவின்கீழ் உத்தரவிட்டது.

இந்தத் தீர்ப்பைக் கையில் எடுத்துக்கொண்டு எல்லாப் பிழைகளும் மன்னிக்கப்படும் என்று கருதுவது ஆபத்தானது. அதே நீதிபதிகள் ஜே.கே.மகேஸ்வரி, கே.வி.விஸ்வநாதன் அமர்வு, அதற்கு மூன்று மாதங்களுக்குள்ளாகவே, 2023ஆம் ஆண்டு அக்டோபர் 18ஆம் தேதி, குடிமைப் பணித் தேர்வு எழுதியோரின் மனுக்களைத் தள்ளுபடி செய்திருந்தது. பொருளாதாரத்தில் நலிந்த பிரிவினருக்கான சான்றிதழை உரிய நிதியாண்டுக்கு, உரிய கடைசி நாளுக்குள் அவர்கள் பெற்றிருக்கவில்லை. அங்கு விடுபட்டது ஓர் எழுத்தோ எண்ணோ அன்று. இடஒதுக்கீட்டைக் கோருவதற்கான தகுதியையே நிறுவும் ஆவணம். இரு வழக்குகளும் அருகருகே வைத்துப் படிக்க வேண்டியவை.

தகுதி வேறு, தகுதிக்கான சான்று வேறு என்ற பழைய வேறுபாடும் இதனுடன் இணைந்தது. கடைசி நாளில் தகுதி இருந்தாக வேண்டும். அதில் தளர்வு இல்லை. ஆனால் இருந்த தகுதிக்கான தாளைச் சற்றுத் தாமதமாக அளித்தால், அதை ஏற்கலாமா என்பதில் நீதிமன்றங்கள் காலந்தோறும் வெவ்வேறு திசைகளில் சென்றுள்ளன. டெல்லி பணியாளர் தேர்வு வாரியம் தொடர்பான 2016ஆம் ஆண்டுத் தீர்ப்பில், கடைசி நாளுக்குப் பின் அளிக்கப்பட்ட பிற்படுத்தப்பட்டோர் சான்றிதழ் ஏற்கப்பட்டது. உத்தரப் பிரதேச காவல் துறை ஆள்சேர்ப்பு தொடர்பான 2025ஆம் ஆண்டு மே மாதத் தீர்ப்போ, அறிவிக்கையில் கேட்கப்பட்ட படிவத்திலேயே சான்றிதழ் இருக்க வேண்டும் என்று கண்டிப்புடன் கூறியது. மத்திய அரசுப் பணிக்கான படிவமும் மாநில அரசுப் பணிக்கான படிவமும் வேறு வேறு என்பதைத் தமிழ்நாட்டு விண்ணப்பதாரர்கள் இங்கு குறித்துக்கொள்ளலாம். மாநிலச் சாதிச் சான்றிதழை அப்படியே மத்திய அரசு விண்ணப்பத்துடன் இணைப்பது, எளிதில் தவிர்க்கக்கூடிய பிழை.

கண்டிப்பின் எல்லையைக் காட்டும் வழக்கு தமிழ்நாட்டிலிருந்து சென்றது. சிவில் நீதிபதி பணிக்கான முதன்மைத் தேர்வில், விண்ணப்பதாரர் ஒருவர் தமது விடைத்தாளில் பென்சிலால் அடிக்கோடிட்டிருந்தார். அது தேர்வாணையத்தின் அறிவுறுத்தலுக்கு மாறானது என்பதால் அத்தாள் செல்லாததாக்கப்பட்டது. சென்னை உயர் நீதிமன்றம் அவருக்குச் சாதகமாக உத்தரவிட்டது. ஆனால் உச்ச நீதிமன்றம் 2019ஆம் ஆண்டு ஆகஸ்ட் 28ஆம் தேதி அந்த உத்தரவை ரத்து செய்தது. அறிவுறுத்தல்கள் கட்டாயமானவை, ஒருவருக்காக அவற்றைத் தளர்த்தினால் பணியாளர் தேர்வின் ஒழுங்கு குலையும் என்பது அதன் நிலைப்பாடு. கடினமான தீர்ப்பு என்று சொல்லலாம். எனினும், விடைத்தாளில் அடையாளக் குறி இடுவதைத் தடுப்பதற்கான விதி அது என்பதால், பிறந்த தேதி வழக்கிலிருந்து அது வேறுபடுகிறது.

தெரிந்தே மறைப்பது மூன்றாவது வகை. ஆந்திரப் பிரதேச தேர்வாணையத்துக்கு விண்ணப்பித்த ஒருவர், தாம் ஏற்கெனவே அரசு ஆசிரியர் என்பதைத் தெரிவிக்காமல் விட்டார். 2005ஆம் ஆண்டில் உச்ச நீதிமன்றம் தேர்வாணையத்தின் நிராகரிப்பை உறுதி செய்தது. குற்ற வழக்கு விவரங்களை மறைத்த வழக்குகளுக்கு அவதார் சிங் வழக்கின் 2016ஆம் ஆண்டுத் தீர்ப்பு வழிகாட்டுகிறது. மறைக்கப்பட்டதன் தன்மை, பணியின் தன்மை ஆகியவற்றை எடைபோட்டே முடிவெடுக்க வேண்டும் என்பது அதன் சாரம்.

ஆட்டத்தின் நடுவே விதி மாறினால்

விண்ணப்பதாரரின் கை ஓங்கும் இடம் இது. ஆந்திரப் பிரதேச மாவட்ட நீதிபதிகள் தேர்வில், நேர்காணல் முடிந்த பிறகு நேர்காணலுக்குக் குறைந்தபட்ச மதிப்பெண் நிர்ணயிக்கப்பட்டது. அது சட்டவிரோதம் என்று கே.மஞ்சுஸ்ரீ வழக்கில் 2008ஆம் ஆண்டில் உச்ச நீதிமன்றம் கூறியது. அத்தீர்ப்பின் சரித்தன்மை பின்னர் ஐயத்துக்குள்ளாகி, அரசியல் சாசன அமர்வுக்கு அனுப்பப்பட்டது. அதற்குக் காரணமான வழக்கு ராஜஸ்தான் உயர் நீதிமன்றத்தின் 13 மொழிபெயர்ப்பாளர் பணியிடங்கள் தொடர்பானது. தேர்வு நடந்த பின் 75 சதவீத மதிப்பெண் கட்டாயமாக்கப்பட்டதால், 21 பேரில் மூவர் மட்டுமே தேறினர்.

தேஜ் பிரகாஷ் பாடக் வழக்கில் 2024ஆம் ஆண்டு நவம்பர் 7ஆம் தேதி வெளியான தீர்ப்பில், மஞ்சுஸ்ரீ வழக்கின் முடிவு சரியானதே என்று ஐந்து நீதிபதிகளும் ஒருமனதாக உறுதி செய்தனர். ஆள்சேர்ப்பு அறிவிக்கையுடன் தொடங்கி, காலியிடங்கள் நிரப்பப்படுவதுடன் முடிகிறது. இடையில், விதிகளோ அறிவிக்கையோ இடமளித்தாலன்றி, தகுதி அளவுகோலை மாற்றக் கூடாது. அவ்வாறு இடமளித்திருந்தாலும், மாற்றம் தன்னிச்சையானதாக இருக்கக் கூடாது.

இதன் மறுபக்கமும் உண்டு. அறிவிக்கையில் ஒரு தகுதியைக் கேட்டுவிட்டு, அதைவிடக் குறைந்த தகுதி உள்ளவரை நியமிப்பது, அறிவிக்கையைப் பார்த்து விண்ணப்பிக்காமல் இருந்துவிட்ட அனைவருக்கும் இழைக்கப்படும் மோசடி என்று விஜயநகரம் உறைவிடப் பள்ளி ஆசிரியர் வழக்கில் 1990ஆம் ஆண்டில் உச்ச நீதிமன்றம் கூறியது. விண்ணப்பதாரர் கோரும் தளர்வையும் இதே காரணத்தால்தான் நீதிமன்றங்கள் மறுக்கின்றன.

உடல் தகுதி காரணமாக மறுக்கப்படுவோருக்கும் அண்மைக் காலத்தில் வழி திறந்துள்ளது. நிற வேறுபாட்டை உணரும் திறன் குறைந்த மின் பொறியாளர் ஒருவருக்குத் தமிழ்நாடு மின் உற்பத்தி மற்றும் பகிர்மானக் கழகம் உதவிப் பொறியாளர் பணியை மறுத்தது. பணியிடத்தில் நியாயமான ஏற்பாடுகளைச் செய்து தர வேண்டிய கடமையைச் சுட்டிக்காட்டிய உச்ச நீதிமன்றம், 2023ஆம் ஆண்டு அக்டோபர் மாதத்தில் அவரைப் பணியமர்த்த உத்தரவிட்டது.

காரணத்தை முதலில் பெற வேண்டும்

நிராகரிப்பில் காரணம் கூறப்படவில்லை எனில், முதல் வேலை அதைப் பெறுவதே. தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் 10 ரூபாய் கட்டணத்தில் விண்ணப்பித்தால், பொதுவாக 30 நாட்களுக்குள் பதில் அளிக்கப்பட வேண்டும். எழுத்தில் பெறப்படும் காரணத்துக்குத் தனி மதிப்பு உண்டு. ஓர் உத்தரவு, அதில் கூறப்பட்ட காரணங்களைக் கொண்டே நிற்கவோ விழவோ வேண்டும். பின்னர் நீதிமன்றத்தில் தாக்கல் செய்யும் பிரமாணப் பத்திரத்தில் புதிய காரணங்களைச் சேர்க்க முடியாது என்று மொகிந்தர் சிங் கில் வழக்கில் 1977ஆம் ஆண்டில் தீர்ப்பளிக்கப்பட்டது. அரசுத் தரப்பு வழக்கறிஞர்களுக்கு இன்றுவரை தொல்லை தரும் தீர்ப்பு இது.

அடுத்தது, சம்பந்தப்பட்ட அமைப்புக்கு முறையீட்டு மனு. துறைக்குள் உள்ள தீர்வுகளைப் பயன்படுத்தாமல் வருவோரின் மனுவைத் தீர்ப்பாயம் சாதாரணமாக ஏற்பதில்லை. ஆனால் முறையீடு அனுப்பிக்கொண்டே இருப்பது காலக்கெடுவை நீட்டிக்காது என்று 1989ஆம் ஆண்டில் எஸ்.எஸ்.ரத்தோர் வழக்கில் ஏழு நீதிபதிகள் அமர்வு தெளிவுபடுத்தியுள்ளது. இறுதி உத்தரவு வந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் தீர்ப்பாயத்தை அணுக வேண்டும். சட்டப்படியான முறையீட்டுக்கு ஆறு மாதங்கள் வரை பதில் இல்லையெனில், அந்த ஆறு மாதங்கள் முடிந்ததிலிருந்து ஓராண்டு.

சட்டம் ஓராண்டு தந்தாலும், நடைமுறையில் அவகாசம் நாட்களில்தான் உள்ளது. தேர்வு நடந்து, பட்டியல் வெளியாகி, மற்றவர்கள் பணியில் சேர்ந்துவிட்டால், அவர்களையும் எதிர்மனுதாரர்களாகச் சேர்க்க வேண்டிய நிலை வரும். எனவே தேர்வுக்கு முன்பே மனு தாக்கல் செய்து, தற்காலிகமாகத் தேர்வெழுத அனுமதி, முடிவை மூடி முத்திரையிட்ட உறையில் வைத்தல், ஓர் இடத்தை நிரப்பாமல் வைத்திருத்தல் போன்ற இடைக்கால உத்தரவுகளை வழக்கறிஞர்கள் கோருகின்றனர். இடைக்கால அனுமதியில் தேர்வெழுதி வென்றாலும், இறுதியில் வழக்கில் தோற்றால் அந்த வெற்றிக்கு மதிப்பில்லை. அறிவிக்கையின் நிபந்தனைகளை ஏற்றுத் தேர்வில் பங்கேற்று, தோல்விக்குப் பின் அதே நிபந்தனைகளை எதிர்ப்பதையும் நீதிமன்றங்கள் பெரும்பாலும் ஏற்பதில்லை.

எங்கு தாக்கல் செய்வது என்பதிலும் ஒரு சிக்கல் உள்ளது. டிஆர்டிஓவின் விஞ்ஞானிகளைத் தேர்வு செய்யும் மையமும், தொழில்நுட்பப் பணியாளர்களைத் தேர்வு செய்யும் செப்டம் அமைப்பும் டெல்லியில் இயங்குகின்றன. காஞ்சன்பாக்கில் உள்ள பணியிடத்துக்கான நிராகரிப்பு உத்தரவு டெல்லியிலிருந்து வரக்கூடும். வழக்குமூலம் முழுமையாகவோ பகுதியாகவோ எழுந்த இடத்தில் உள்ள அமர்வில் மனு அளிக்கலாம் என்கின்றன தீர்ப்பாய விதிகள். மின்னஞ்சலை வீட்டில் இருந்து திறந்து படித்தார் என்பது மட்டும் அதற்குப் போதுமானதாக ஏற்கப்படும் என்ற உறுதியில்லை என்பதால், தேர்வு மையம், சான்றிதழ் சரிபார்ப்பு நடந்த இடம், பணியிடம் ஆகியவற்றை மனுவில் குறிப்பிடுவது வழக்கம்.

வென்றாலும், பெரும்பாலான உத்தரவுகள் நேரடியாகப் பணியை வழங்குவதில்லை. நிராகரிப்பை ரத்து செய்து, குறிப்பிட்ட காலத்துக்குள் மீண்டும் பரிசீலிக்குமாறு அமைப்புக்கே திருப்பி அனுப்புவதே வழக்கமான நிவாரணம். காலியிடம் இல்லாத நிலையிலும் நியமிக்கச் சொல்லும் 142வது பிரிவின் அதிகாரம் உச்ச நீதிமன்றத்துக்கு மட்டுமே உரியது. தீர்ப்பாயத்தில் அசல் மனுவுக்கான கட்டணம் 50 ரூபாய். வழக்கறிஞர் மூலமாகவோ, மனுதாரர் தாமே நேரிலோ வாதிடச் சட்டத்தின் 23வது பிரிவு அனுமதிக்கிறது.